பூனைக்கும் இரத்தப் பரிசோதனையா?

சென்ற ஆண்டு சாரல் காலத்தில் புளியறையில் வீடு சந்திக்கச் சென்றிருந்தேன். ஆரியங்காவுக் கணவாய் வழியே இறங்கிவரும் காற்று நெல்வயல்களைச் சீவிக்கொண்டிருந்தது. குடையிருந்தும் நனைந்தபடியே ஒரு பாட்டியின் வீட்டுத் திண்ணையில் ஏறினேன். எழுபது வயதைக் கடந்தவர். கணவர் இறந்து பல ஆண்டுகளாயின. மகன் குடும்பத்தோடு கேரளத்தில் வேலை செய்கிறார். பாட்டி உள்ளே சென்று அரிசிப் பானைக்கு அடியிலிருந்து மடித்த தாள் ஒன்றை எடுத்து வந்தார்.

"சாமி, இதுல என்ன போட்டிருக்குன்னு பாத்துச் சொல்லணும். பேரன் வாசிச்சான். ஆனா எங்கிட்ட மறைக்கான்."

வாங்கிப் பார்த்த எனக்கு நெஞ்சு திக்கென்றது. இரத்தப் பரிசோதனை முடிவு. சர்க்கரை 210. கிரியேட்டினின் 3.4. தட்டணுக்கள் அறுபதாயிரம். சிவப்பணுக்களின் கன அளவு 22 விழுக்காடு. ஒவ்வோர் எண்ணுக்கும் பக்கத்தில் சிவப்பு மையால் வட்டம். இந்த வயதில், இத்தனை நோயோடு, தனியாக வாழும் ஒரு தாய்க்கு எந்தச் சொல்லால் இதை எடுத்துரைப்பது என்று தயங்கினேன்.

"இது எப்ப எடுத்ததும்மா? உங்களுக்கு உடம்புக்கு என்ன செய்யுது?"

"எனக்கு ஒண்ணுமில்ல சாமி. இது நம்ம செல்லத்துக்கு எடுத்தது." அம்மிக்கல்லின் பக்கத்தில் சாக்குமேல் சுருண்டு கிடந்த சாம்பல்நிறப் பெட்டைப் பூனையைக் காட்டினார். பன்னிரண்டு வயது. பேரன் அதைக் கூடையில் வைத்துத் துணியால் மூடி, பேருந்தில் திருநெல்வேலிக்குக் கொண்டு சென்று காட்டி வந்திருக்கிறான்.

சிரிப்பு வந்ததை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் பாட்டியின் முகத்தைக் கண்டபின் அது நிற்கவில்லை. தாளைக் கேட்டு வாங்கிச் சென்று, எனக்குப் பழக்கமான கால்நடை மருத்துவர் ஒருவரிடம் காட்டினேன். அன்று அவர் எனக்குப் பொறுமையோடு கற்பித்தவற்றையும், பின்னர் நான் தேடிப் படித்தவற்றையுமே இங்கு எழுதுகிறேன். நெல் விளையும் நம் ஊர்களில் எலிக்காகப் பூனை வளர்க்காத வீடு குறைவு. ஆயினும் அதன் நோயைப்பற்றி நாம் அறிந்தது மிகச் சொற்பம்.

மருத்துவர் முதலில் சொன்னது எனக்கு வியப்பாக இருந்தது. "வட்டம் போட்ட எல்லாமே நோய் இல்லை, ஃபாதர்." பரிசோதனைத் தாளில் இயல்பு அளவு என்று அச்சிடுகிறார்களே, அது நலமுள்ள விலங்குகளில் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்தின் எண்கள் அடங்கும் எல்லை மட்டுமே. நலமுள்ளவற்றிலேயே நூற்றில் ஐந்து அந்த எல்லைக்கு வெளியே நிற்கும். ஒரே பூனைக்கு இருபது சோதனைகள் செய்தால் ஏதேனும் ஒன்று சற்றுக் கூடியோ குறைந்தோ காணப்படுவதில் அதிசயமில்லை.

சர்க்கரை 210 என்பதை எடுத்துக்கொள்வோம். மனிதனுக்கு அந்த எண் வந்தால் நீரிழிவு என்று அஞ்சுவோம். பூனையோ அச்சம் கொண்ட மாத்திரத்தில் அதன் இரத்தத்தில் சர்க்கரை ஏறிவிடும். கூடைக்குள் அடைபட்டு, இரண்டு மணி நேரம் பேருந்தின் ஒலியில் நடுங்கி, நாய்கள் குரைக்கும் மருத்துவமனையில் ஊசியைக் கண்ட பூனைக்கு 210 இருந்தால் அது அச்சத்தின் கணக்கே. ஐயமிருந்தால் சிறுநீரில் சர்க்கரை உண்டா என்று பார்ப்பார்கள்; அல்லது ஃபிரக்டோசமைன் என்னும் வேறொரு சோதனை செய்வார்கள். அது அந்த ஒரு நிமிடத்தின் நிலையைக் காட்டாமல், கடந்த ஓரிரு வாரங்களின் சராசரி நிலையைக் காட்டும்.

தட்டணுக்களின் கதையும் அத்தகையதே. பூனையின் சிவப்பணு மனிதனுடையதைவிடச் சிறியது. அதன் தட்டணுவோ பெரியது. இரண்டும் பருமனில் நெருங்கி நிற்பதால் எண்ணும் கருவி ஒன்றை மற்றொன்றாக எண்ணிவிடும். மேலும் பூனையின் தட்டணுக்கள் குழாய்க்குள் சென்றவுடன் திரள் திரளாக ஒட்டிக்கொள்ளும் இயல்புடையன. நூறு அணுக்கள் ஒட்டிய திரளைக் கருவி ஒன்றென எண்ணும். அல்லது எண்ணாமலே விடும். எனவே குறைந்த எண்ணைக் கண்டால் ஒரு துளி இரத்தத்தைக் கண்ணாடித் தகட்டில் தடவி, உருப்பெருக்கியின் கீழ்க் கண்ணால் பார்க்கவேண்டும். செல்லத்தின் தகட்டில் திரள்கள் நிறைய இருந்தன. குறைவு என்பது பொய். மனிதருக்கென அமைந்த ஆய்வுக்கூடத்தில் பூனையின் இரத்தத்தைக் கொடுத்து எண் வாங்குவது ஏன் ஏமாற்றம் தரும் என்பதும் இதனால் விளங்கும்.

மீதமுள்ள இரண்டு வட்டங்கள்தாம் மெய்யானவை. கிரியேட்டினின் என்பது தசையில் உண்டாகி, சிறுநீரகத்தால் வடிகட்டி வெளியேற்றப்படும் கழிவு. சிறுநீரகத்தின் வேலைத்திறனில் ஏறத்தாழ நான்கில் மூன்று பங்கு கெடும்வரை இந்த எண் பெரிதாக ஏறுவதில்லை. ஏறிவிட்டால் நோய் நெடுநாளாக உள்ளே இருந்திருக்கிறது என்பது பொருள். சிறுநீரகம் சோர்ந்தால் சிவப்பணுக்களை உண்டாக்கத் தூண்டும் சுரப்பும் குறையும். ஆகவே இரத்தம் வெளுக்கும். 22 விழுக்காட்டின் காரணமும் அதுவே. நலமுள்ள பூனைக்கு அது முப்பதுக்குக் குறையாமல் இருப்பது வழக்கம். ஆனால் கிரியேட்டினின் எண்ணை மட்டும் கண்டு தீர்ப்பளிக்கலாகாது. தண்ணீர் குடியாமல் வறண்டுபோன பூனைக்கும் அது கூடும். அப்போது சிறுநீர் அடர்ந்திருக்கும். சிறுநீரகம் கெட்ட பூனைக்கோ சிறுநீர் தண்ணீராகவே போகும். செல்லத்தின் சிறுநீர் நீர்த்திருந்தது.

"அவ இப்பல்லாம் தண்ணி நிறையக் குடிக்கா சாமி. நல்லாத்தானே இருக்கான்னு நெனச்சேன்" என்று பாட்டி பின்னர் சொன்னார். வயது முதிர்ந்த பூனை திடீரென்று மிகுதியாகத் தண்ணீர் குடிப்பதும், மெலிவதும் அலட்சியப்படுத்தத்தக்க அறிகுறிகள் அல்ல. சிறுநீரக நோய், நீரிழிவு இரண்டுக்கும் அது பொது. தைராய்டு மிகையாகச் சுரக்கும் நோயிலும் பூனை தின்றுகொண்டே மெலியும். 1979-ஆம் ஆண்டில்தான் அமெரிக்க மருத்துவர்கள் இந்நோயைப் பூனைகளிடம் இனங்கண்டு உரைத்தனர்.

மற்ற எண்களைப்பற்றியும் சில சொற்கள். வெள்ளையணுக்கள் திடுமென அடிமட்டத்துக்கு வீழ்ந்து, குட்டி வாந்தியும் பேதியுமாகக் கிடந்தால் பார்வோ வகை வைரசால் வரும் கொடிய தொற்று என்று ஐயுறவேண்டும். தெருவில் ஒரு குட்டிக்கு வந்தால் பல வீட்டுக் குட்டிகளை வாரிக்கொண்டு போகும். இதற்குத் தடுப்பூசி உண்டு. இரத்தத்தில் குளோபுலின் மிகுந்து ஆல்புமின் குறைந்து, வயிற்றில் நீர் கோத்திருந்தால் கொரோனா வைரஸ் இனத்தால் வரும் வயிற்றறை அழற்சியாக இருக்கக்கூடும். இது மனிதரைத் தொற்றிய கோவிட் அன்று. அண்மைக்காலம்வரை இந்நோய் வந்த பூனை பிழைப்பது மிக அரிது. 2019-இல் கலிஃபோர்னியாவைச் சேர்ந்த நீல்ஸ் பெடர்சன் குழுவினர் ஒரு புதிய மருந்தை 31 பூனைகளுக்குக் கொடுத்துப் பெரும்பாலானவற்றைப் பிழைக்கவைத்தனர். 1986-இல் பூனைகளின் எதிர்ப்பாற்றலை அழிக்கும் வைரசை ஜேனட் யமமோட்டோவுடன் சேர்ந்து பிரித்தெடுத்தவரும் இதே பெடர்சன்தான். அதற்கு முன்னரே, 1964-இல், ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோவில் வில்லியம் ஜாரெட் பூனைகளின் இரத்தப் புற்றுக்குக் காரணமான வைரசைக் கண்டறிந்திருந்தார். இவ்விரு வைரசுகளும் மனிதரைப் பற்றுவதில்லை.

கல்லீரலைக் குறித்து ஓர் எச்சரிக்கை. கொழுத்த பூனை இரண்டு மூன்று நாள் ஒன்றும் உண்ணாமல் கிடந்தால், உடலின் கொழுப்பு கல்லீரலில் போய்த் தங்கி, ஈறும் கண்ணும் மஞ்சளாகிவிடும். "பசித்தால் தின்னட்டும்" என்று விட்டுவிடுவது நாய்க்குப் பொருந்தலாம், பூனைக்குப் பொருந்தாது.

வயலில் வைக்கும் எலி நஞ்சைப்பற்றி நம் பகுதி மக்களுக்குத் தனியே சொல்லவேண்டும். இரத்தம் உறையாமல் செய்யும் நஞ்சைத் தின்ற எலியைப் பூனை தின்றால், சில நாள் கழித்து அதன் ஈறு வெளுக்கும், மூச்சு வாங்கும், உள்ளே குருதி கசிந்துகொண்டிருக்கும். இரத்தம் உறையும் நேரத்தைச் சோதித்தால் உண்மை தெரியும். காலத்தில் கொண்டுசென்றால் வைட்டமின் கே ஊசியால் காப்பாற்றலாம்.

கோழிக் கழிவைப் பச்சையாகப் பூனைக்கு எறிவதும் நன்றன்று. கேரளத்தில் பறவைக் காய்ச்சல் பரவும் காலங்களில் புளியறைச் சோதனைச் சாவடியில் வண்டிகளுக்கு மருந்து தெளிப்பதை நாம் பார்த்திருக்கிறோம். அதே கிருமி 2023-இல் போலந்து நாட்டில் பல பூனைகளைக் கொன்றது.

இனி, நான் எழுதத் தயங்கிய ஒன்று. பல ஆண்டுகளுக்கு முன், வேறொரு பங்கில் இருந்தபோது, அறைவீட்டில் ஒரு கடுவன் பூனை இருந்தது. ஒரு நாள் அது உடல் சுட்டுச் சோர்ந்து கிடந்தது. காய்ச்சல் என்று எண்ணி, எனக்கு வைத்திருந்த பாராசிட்டமால் மாத்திரையில் பாதியைப் பொடித்துப் பாலில் கலந்து கொடுத்தேன். இரக்கத்தால் செய்த செயல்தான். அன்றிரவே அதன் முகமும் பாதங்களும் வீங்கின. ஈறு காபித்தூளின் நிறமாக மாறிற்று. மூச்சுக்கு ஏங்கி மறுநாள் இறந்தது. நோயால் இறந்தது என்றே இத்தனை காலமும் நம்பியிருந்தேன்.

கால்நடை மருத்துவர் அன்று சொல்லித்தான் அறிந்தேன். அம்மருந்தைச் சிதைத்து வெளியேற்றும் நொதி பூனையின் கல்லீரலில் மிகக் குறைவு. வெளியேறாத நஞ்சு சிவப்பணுவைத் தாக்கி, உயிர்வளியைச் சுமக்கும் ஹீமோகுளோபினைப் பழுப்பாக்கிப் பயனற்றதாக்கும். அரை மாத்திரையே ஒரு பூனையைக் கொல்லப் போதும். வெங்காயமும் அதன் சிவப்பணுக்களை உடைக்கும். உடனே மருத்துவரிடம் சென்றிருந்தால் முறிவு மருந்து உண்டாம். நான் செல்லவில்லை. ஆகவே வாசகர்களை வேண்டிக்கொள்கிறேன்: நம் மாத்திரை எதையும் பூனைக்குக் கொடாதீர்கள்.

தாளோடு மீண்டும் பாட்டியிடம் சென்றேன். மறைக்காமல் சொன்னேன். "இது முழுசாக் குணமாகிற நோய் இல்லைம்மா. ஆனா உடனே சாகிறதும் இல்லை. மருந்தும் சாப்பாடும் கவனமாப் பாத்தா இன்னும் கொஞ்ச காலம் இருக்கும்."

சிறிது நேரம் பேசாமலிருந்த பாட்டி கேட்டார்: "உதவித்தொகை காசுலதான் பாத்தேன் சாமி. ஊர்ல எல்லாரும் ஏசுதாவ. மனுசன் கஞ்சிக்கில்லாம இருக்கான், பூனைக்குப் போயி ஊசி போடுதாளேன்னு. இது பாவமா?"

எளிய கேள்வி அன்று. 1992-இல் வெளிவந்த திருச்சபையின் மறைக்கல்வி நூல் இரண்டையும் கூறுகிறது: விலங்குகளை வீணே துன்புறவிடுவது மனித மாண்புக்கு முரண், மனிதரின் துயர்துடைக்க முதலில் செல்லவேண்டிய பணத்தை விலங்குகளுக்குச் செலவிடுவதும் தகாது. நகரங்களில் பூனையின் பிறந்தநாளுக்குப் பணத்தை இறைப்பவர்களை எண்ணும்போது இரண்டாம் பகுதி எனக்கு உடனே நினைவுக்கு வரும். ஆனால் இவர் யாருடைய கஞ்சியைப் பறித்தார்? தமது வெற்றிலைச் செலவைக் குறைத்து, இரவில் தமக்குத் துணையிருக்கும் ஓர் உயிருக்குச் செய்தார். அவரை ஏசியவர்களில் எத்தனை பேர் அந்த வீட்டுக்குள் சென்று ஒரு மணி நேரம் உட்கார்ந்தவர்கள் என்றும் எண்ணினேன்.

"பாவமில்லைம்மா" என்றேன். "ஆனா கடன் மட்டும் வாங்காதீங்க. உங்க மருந்தையும் நிறுத்தாதீங்க." இரண்டாவதைச் சொன்னபோது பார்வையைத் திருப்பிக்கொண்டார். இரத்த அழுத்த மாத்திரையை நிறுத்தி இரண்டு மாதமாகியிருந்தது. அந்த வாரமே பேரனைச் செங்கோட்டைக்கு அனுப்பி வாங்கிவரச் செய்தோம்.

செல்லத்துக்குத் தோலுக்கடியில் நீர் ஏற்றுவதற்குப் பேரன் மருத்துவரிடம் கற்றுக்கொண்டான். கருவாடும் உப்பிட்ட சோறும் நின்றன; வேகவைத்த மீனைச் சாற்றோடு குழைத்து, மருத்துவர் சொன்ன அளவில் வைத்தார்கள். சனவரியில் மீண்டும் சோதித்தபோது கிரியேட்டினின் 2.6. இம்முறை பேரன் தாளை ஒளிக்கவில்லை. எண்ணைச் சுவரில் கரியால் எழுதியே வைத்துவிட்டான்.

தண்ணீர் எப்போதும் கிடைக்கவேண்டும் என்பதற்காகப் பாட்டி வீட்டில் மூன்று கிண்ணங்கள் வைத்திருக்கிறார். செல்லம் மூன்றையும் தொடுவதில்லை. முற்றத்து உரலில் தேங்கும் சாரல் நீரைத்தான் குடிக்கிறது. மழையில்லாத நாளில் பாட்டி தாமே ஒரு குடம் கொண்டுவந்து உரலை நிரப்பிவைக்கிறார்.