கட்டங்களில் ஒளிந்த கப்பல்கள்

பிள்ளைகளின் விளையாட்டுப் பொருள் வெள்ளித்திரை ஏறுவது இன்று புதுமையன்று. அமெரிக்காவின் ஹாஸ்புரோ நிறுவனத்தார் விற்ற உருமாறும் பொம்மைகள், 2007ஆம் ஆண்டில் 'டிரான்ஸ்ஃபோர்மர்ஸ்' என்னும் பெரும் படமாயின. அதே நிறுவனத்தின் 'பேட்டில்ஷிப்' விளையாட்டு 2012இல் பீட்டர் பேர்க்கின் இயக்கத்தில் படமாயிற்று. திருகோணமலைத் துறைமுகத்தை அறிந்தவர்க்கு இப்பின்னையதே நெருக்கமானது.

விளையாட்டு மிக எளிது. பத்துக்குப் பத்தாக நூறு கட்டங்கள். அவற்றுள் ஐந்து கப்பல்களை ஒருவர் ஒளித்துவைப்பார். கப்பல்கள் மறைக்கும் கட்டங்கள் பதினேழே. எதிராளி ஓர் எழுத்தும் ஓர் எண்ணும் சொல்லிக் குறிபார்ப்பார். முன்னாளில் தாளிலும் பென்சிலாலும் ஆடியதை, 1967இல் மில்டன் பிராட்லி நிறுவனம் பிளாஸ்டிக் பலகையாக்கியது.

இதில் கதையேது? ஆகவே வேற்றுலகத்தாரை ஹவாய்க் கடலில் இறக்கினர் படக்காரர். பெரும்பகுதி நம்பத்தகாத ஆரவாரமே. ஆயினும் ஒரு காட்சி பொருள் பொதிந்தது. பகைவரின் கலங்கள் ராடாருக்குப் புலப்படவில்லை. அப்போது ஜப்பானியத் தலைவர் ஒருவர், சுனாமியை அறிவதற்காகக் கடலில் இட்ட மிதவைகளின் அசைவைக் கட்டங்களிற் குறித்து, எதிரியின் இடத்தை ஊகிக்கிறார். (2004 டிசம்பர் 26இல் திருகோணமலைக் கரையை அலை தாக்கியபோது, இந்து சமுத்திரத்தில் அத்தகைய மிதவைகள் இருக்கவில்லை.)

எதிரி எந்தக் கட்டத்தில்? 1942 ஏப்ரலில் இலங்கைக் கடலில் எழுந்த வினாவும் இதுவே. ஏப்ரல் 4இல் கனேடிய விமானி லெனாட் பேர்ச்சல், தமது கட்டலீனா விமானத்திலிருந்து ஜப்பானியக் கப்பற்படையைக் கண்டு செய்தி அனுப்பினார். உடனே அவர் விமானமும் வீழ்த்தப்பட்டது. மறுநாள் கொழும்பு தாக்கப்பட்டது. 8ஆம் நாள் அப்படை மீண்டும் கண்ணிற்பட, அன்றிரவே திருகோணமலைத் துறைமுகத்துக் கப்பல்கள் வெளியேறின.

அவற்றுள் ஒன்று 'ஹெர்மீஸ்' என்னும் விமானந்தாங்கிக் கப்பல். கொடிது யாதெனில், அன்று அதில் விமானம் ஒன்றேனும் இருக்கவில்லை. 9ஆம் நாட் காலை ஜப்பானியர் துறைமுகத்தையும் சீனன்குடாவையும் தாக்கினர். கரையோரமாகத் தெற்கே சென்றிருந்த 'ஹெர்மீஸை', 'ஹருணா' என்னும் போர்க்கப்பலிலிருந்து எழுந்த சிறு வேவுவிமானம் கண்டுவிட்டது. மட்டக்களப்புக்கு அப்பால் குண்டுவிமானங்கள் அதனை மூழ்கடித்தன. 307 பேர் மாண்டனர். துணைவந்த ஆஸ்திரேலிய நாசகாரி 'வம்பயர்' கப்பலும் மூழ்கியது. 'வீற்றா' என்னும் மருத்துவக் கப்பல் அருகிலிருந்தமையால் ஏறத்தாழ அறுநூறு பேர் பிழைத்தனர்.

இங்குப் போர்க்கப்பலின் பீரங்கிக்கு வேலையிருக்கவில்லை என்பதை நேயர்கள் கவனிக்க வேண்டும். கட்டத்தைக் கண்டுபிடித்தது வேவுவிமானம். குறிதவறாது அடித்ததும் விமானமே. படமோ முடிவில், நூதனசாலையாய் நின்ற 'மிசூரி' என்னும் பழைய போர்க்கப்பலை மீண்டும் கடலிற் செலுத்தி, அதன் பெரும் பீரங்கிகளால் வெற்றியை ஈட்டுகிறது. பெட்டியின்மேல் போர்க்கப்பலின் பெயரை அச்சிட்டு விற்ற விளையாட்டு வேறெவ்விதம் முடியும்?

திருகோணமலையில் மெய்யான போர்க்கப்பலொன்றுக்கு நேர்ந்தது வேறு. 1944 ஆகஸ்ட் 8இல் 'வலியன்ற்' என்னும் பிரித்தானியப் போர்க்கப்பலைச் செப்பனிடுவதற்காக மிதக்கும் துறையில் ஏற்றினர். உள்ளிருக்கும் நீரை இறைத்து வெளியேற்றிக் கப்பலை மேலே தூக்குவது அத்துறையின் தொழில். பாரந்தாங்காது துறை முறிந்து மூழ்கியது, கப்பலும் பெருஞ்சேதமுற்றது. பகைவன் ஒருவனும் அன்று அக்கடலில் எந்தக் கட்டத்திலும் காணப்படவில்லை.