ஆண்டெனா காலம் – 14: மூஞ்சி போயிடுச்சு, பேச்சு வருது!

போன வாரம் செவ்வாய்க்கிழமை நாடகத்தில் நிறுத்தினேன். தவறவிட்டவர்கள் பக்கத்து வீட்டில் பழைய இதழை வாங்கிப் படித்துக்கொள்ளுங்கள். இந்த வாரம் பூர்ணம் விசுவநாதன். சுஜாதா நாடகங்களில் அவர் நடித்த கதையைச் சொல்வதாக வாக்குக் கொடுத்திருக்கிறேன்.

அதற்கு முன்னால் ஒரு தேதி. நாலு நாளாக எதிர்ப்படுகிறவர்களிடம் எல்லாம் இதையே சொல்லிக்கொண்டிருப்பதால் வீட்டில் எனக்கு 'ஆகஸ்ட்' என்று பெயரே வைத்துவிட்டார்கள். 1947 ஆகஸ்ட் 15 அதிகாலை, டெல்லி வானொலியில் விடுதலைச் செய்தியைத் தமிழில் வாசித்தவர் பூர்ணம். சென்னையில் தொலைக்காட்சி தொடங்கியது 1975 ஆகஸ்ட் 15. அரசாங்கத்துக்கு அதுதானே நல்ல நாள் என்பீர்கள். சரி, ராணிப்பேட்டை தனி மாவட்டம் ஆகும் என்று கோட்டையில் அறிவித்தது எப்போது? 2019 ஆகஸ்ட் 15! இதற்கும் பூர்ணத்துக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. சொந்த ஊரை விட்டுவிட மனசு வரவில்லை, அவ்வளவுதான்.

ஆனால் பூர்ணத்துக்கும் எங்கள் தெருவுக்கும் சம்பந்தம் உண்டு. சென்னையிலிருந்து 100 கிலோமீட்டருக்கு மேல் தாண்டி வருவதற்குள் சிக்னலுக்கு மூச்சு வாங்கிவிடும். டேனரியில் ஷிஃப்ட் முடித்து வரும் சித்தப்பா, நகக்கண்ணில் குரோம் நீலத்தோடு மொட்டை மாடி ஏறி ஆண்டெனா பைப்பைத் திருப்புவார்.

"இப்ப?"

"முன்ன இருந்ததே பரவால்ல சித்தப்பா!"

"இப்ப?"

"மூஞ்சி போயிடுச்சு. பேச்சு வருது!"

"பேச்சு வந்தா போதும், உடு!"

படம் சட்டென்று புள்ளி புள்ளியாகிவிடும். ஒலி பண்பலையில் வருவதால் கடைசி வரை தாக்குப்பிடிக்கும். ஆகவே முகத்தை மட்டும் நம்பிய நடிகர்கள் ராணிப்பேட்டையில் பாதி நாள் இல்லாமலே போனார்கள். பூர்ணம் மட்டும் இருந்தார். வாக்கியத்தின் கடைசி எழுத்தைக்கூட விழுங்காத வானொலிக்காரர். தயங்கும் இடத்தில் அவர் விடுகிற மூச்சில், கண்ணாடியைக் கழற்றுகிறாரா துண்டை உதறுகிறாரா என்று நாங்களே கண்டுபிடித்துக்கொள்வோம். 1989இல் 'வருஷம் 16' தாத்தாவைத் தியேட்டரில் பார்த்த சித்தப்பா, "அட, இந்தக் குரலுக்கு இப்படி ஒரு மூக்கா!" என்றார்.

குரல் அந்தக் குடும்பத்துச் சொத்து. அண்ணன் உமாசந்திரனும் வானொலிக்காரர்தான். அவர் எழுதிய 'முள்ளும் மலரும்' நாவலைத்தான் 1978இல் மகேந்திரன் படமாக்கினார். ரஜினியின் காளியைக் கொண்டாடுகிற எத்தனை பேருக்கு இந்த அண்ணன் தம்பி உறவு தெரியும்? என் கணக்கில் தெருவுக்கு ஒருவர். எங்கள் தெருவில் அது நான்.

சுஜாதா எங்கே என்று ஆசிரியர் மூன்றாவது முறையாக போன் செய்கிறார். பக்கம் தீர்ந்துவிட்டது. 'கடவுள் வந்திருந்தார்' நாடகத்தில், ரிட்டையரான சீனிவாசன் வீட்டுக்கு எதிர்காலத்திலிருந்து ஒருவன் வந்து நிற்பான். அவனை அடுத்த வாரம் வரை வாசலிலேயே நிற்க வைக்கிறேன்.