படத்தில் செத்தவர்கள் உயிரோடு வந்தார்கள்!

அரியலூர் ஜில்லா செந்துறைப் பக்கம் முந்திரித் தோப்புகள் அதிகம். இருட்டிய பிறகு தோப்பு வழியே தனியாக வருகிறவனுக்குக் காய்ந்த சருகு சலசலத்தால் போதும். மறுநாள் ஊருக்குள் ஒரு முனி உலாவத் தொடங்கிவிடும். பார்த்தவர் யார் என்று கேட்டால், "எங்க மாமனோட மச்சான் பார்த்தாராம்" என்பார்கள்.

இன்று முனிக்குப் போட்டியாகக் கைப்பேசி வந்துவிட்டது. கடைத்தெருவில் நாலு பையன்கள் கூடினால் பேச்சு இப்படிப் போகிறது:

"அந்தப் படத்தைப் பாதிக்கு மேல ஒருத்தனாலயும் பார்க்க முடியாதாம்டா!"

"ஏன்?"

"நெசமாவே ஆளைக் கொன்னு எடுத்தாங்களாம்!"

நிஜந்தானா? விசாரித்துப் பார்ப்போம்.

ஆவியாக வந்த அரசர்

பயமுறுத்தும் படம் நமக்கொன்றும் புதிதல்ல. 1951-ல் எம்.ஜி.ஆர். நடித்து வெளிவந்த "மர்மயோகி"யில், இறந்துபோனதாக எல்லோரும் நினைத்த ராஜா ஆவி உருவில் வந்து அரண்மனையைக் கலக்குவார். செருகளத்தூர் சாமாவுக்கு அந்த வேஷம். ஆவி வருகிறதே என்று தணிக்கைக்காரர்கள் 'ஏ' சர்ட்டிபிகேட் கொடுத்துவிட்டார்கள். தமிழ்ப் படங்களில் முதன்முதலாக அதைப் பெற்ற படம் அதுதான். வேடிக்கை என்னவென்றால், கதைப்படி அது ஆவியே அல்ல. ராஜா உயிரோடுதான் இருக்கிறார்!

நாளாக ஆகப் பேய்க்கு மவுசு குறைந்தது. பயத்தை விற்கிறவர்களுக்கு வேறு சரக்கு வேண்டியிருந்தது. "இது நடிப்பல்ல, நிஜச் சாவு" என்ற புரளியைப் பிடித்துக்கொண்டார்கள்.

அமெரிக்காவில் ஆலன் ஷாக்கில்டன் என்ற விநியோகஸ்தர் விலைபோகாத பழைய படம் ஒன்றை வாங்கி, கடைசியில் ஒரு நடிகையைக் கொல்வதுபோல் புதிதாக ஒரு காட்சியை ஒட்டவைத்து, 1976-ல் "ஸ்னப்" என்ற பெயரில் வெளியிட்டார். தியேட்டர் வாசலில் கண்டன ஊர்வலம் நடத்தவும் அவரே கூலிக்கு ஆள் பிடித்தார்! பின்னால் நிஜமான கண்டனக்காரர்களும் வந்து சேர்ந்தார்கள். நியூயார்க் அதிகாரிகள் விசாரித்ததில், 'கொல்லப்பட்ட' நடிகை சௌக்கியமாக இருந்தார்.

நம் நாட்டிலும் 2008-ல் ராம் கோபால் வர்மா, தமது "பூங்க்" படத்தைத் தியேட்டரில் தன்னந்தனியாக உட்கார்ந்து பார்ப்பவருக்கு 5 லட்சம் ரூபாய் என்று அறிவித்தார். அது யாரையும் புண்படுத்தாத விளம்பரம். எல்லாரும் அவ்வளவோடு நிற்பதில்லை.

டைரக்டர் மீது கொலைப் பழி

1980-ல் இத்தாலியில் "கன்னிபல் ஹோலோகாஸ்ட்" வெளியாயிற்று. அமேசான் காட்டுக்குப் படமெடுக்கப் போன இளைஞர்கள் சிலர் நரமாமிசம் உண்பவர்களிடம் சிக்கி மாண்டார்கள், அவர்களுடைய பிலிம் சுருள் மட்டும் கிடைத்தது என்று கதை. நடித்தவர்கள் ஓராண்டு வெளியில் தலைகாட்டக் கூடாது என்று டைரக்டர் ருக்கெரோ டியோடாட்டோ ஒப்பந்தம் போட்டிருந்தார். ஜனங்கள் நம்ப வேண்டுமே, அதற்காக!

ஜனங்கள் நம்பினார்கள்; சட்டமும் நம்பிவிட்டது. மிலான் நகரில் திரையிட்ட பத்தே நாளில் படம் பறிமுதல் ஆயிற்று. நடிகர்களைக் கொன்றார் என்ற பழி டைரக்டர் தலையில் விழுந்தது. மறைத்துவைத்த நடிகர்களை அவரே அலறியடித்துக்கொண்டு தேடிப்பிடித்து, "இதோ இருக்கிறார்கள்!" என்று காட்ட வேண்டியதாயிற்று. கழுவேற்றப்பட்ட பெண் காட்சியின் ரகசியமும் வெளிப்பட்டது. கம்பியின் நுனியில் சைக்கிள் ஸீட். அதில் அந்தப் பெண் உட்கார்ந்திருந்தாள். வாயில் கவ்வியிருந்தது லேசான மரத்துண்டு. அவ்வளவுதான்!

இவ்வளவு அம்பலமான பிறகும் புரளி ஓயவில்லை. 1991-ல் ஹாலிவுட் நடிகர் சார்லி ஷீன், ஹிடேஷி ஹினோ எடுத்த ஜப்பானியப் படமொன்றைப் பார்த்து மிரண்டு, எப்.பி.ஐ.யிடமே புகார் செய்தார். ரத்தமும் சதையும் எப்படித் தயாரானது என்று காட்டும் படம் கைக்கு வந்ததும் அதிகாரிகள் விசாரணையைக் கைவிட்டார்கள். சினிமாவில் ஊறிய நடிகரே ஏமாந்தார் என்றால், செந்துறைப் பையன்களைக் குறை சொல்லுவானேன்?

ஆனால் இத்தாலியப் படத்தில் ஒன்று மட்டும் நடிப்பல்ல. ஆற்று ஆமை, பன்றி, குரங்கு முதலிய வாயில்லாப் பிராணிகளைக் காமிரா முன் நிஜமாகவே கொன்றார்கள். கதையில் சாவது ஒரு குரங்கு. காட்சியை இரண்டு தடவை எடுத்ததால் இரண்டு குரங்குகள் போயின. 2022-ல் காலமான டியோடாட்டோ, பிராணிகளைக் கொன்றதற்காகப் பிற்காலத்தில் வருந்தினார். கொலை செய்ததாகப் பேசப்பட்ட நடிகர்களைக் கொண்டுவந்து காட்ட அவரால் முடிந்தது. அந்த இரண்டு குரங்குகளைக் கொண்டுவந்து காட்ட யாராலும் முடியாது.