ஒரு வரிக்காக முழுப் பலகையையும் அழிப்பதா?

அரிசிக் கடை வாசலில் தொங்கும் விலைப் பலகையை ஏறாவூரில் எல்லோரும் பார்த்திருப்போம். சம்பா ஐந்து ரூபா ஏறினால் கடைக்காரர் அந்த ஓர் எண்ணை மட்டும் துடைத்துவிட்டுப் புதிதாக எழுதுகிறார். நாட்டரிசியும் கீரிச்சம்பாவும் அப்படியே இருக்கின்றன. ஆனால் எமது வியாபாரிகள் பணம் கொடுத்துச் செய்வித்திருக்கும் இணையத்தளங்கள் பலவற்றில், ஓர் எண் மாறுவதற்கு முழுப் பலகையையும் கழற்றி மீண்டும் மாட்ட வேண்டியிருக்கிறது.

இதில் என்ன நட்டம் என்று கேட்கலாம். எனக்குத் தெரிந்த ஒருவர் டோஹாவிலிருந்து பெருநாளைக்காக வாப்பாவுக்குக் கைத்தறிச் சாரன் தெரிவு செய்து, வீட்டு முகவரியையும் தட்டி முடித்தார். பின்னர் ஒன்றை இரண்டாக மாற்றினார். பக்கம் முழுவதும் மீண்டும் ஏறியது. தட்டிய முகவரி போயிற்று. இரண்டு முறை முயன்றுவிட்டு வேறு கடையில் வாங்கிவிட்டார். கடைக்குள் வந்து வெறுங்கையோடு திரும்புபவரை முதலாளி கல்லாவிலிருந்து காணலாம், கூப்பிடலாம். இவரைக் காண வழியே இல்லை.

இதற்கான மருந்து புதியதல்ல. மைக்ரோசொப்ட் நிறுவனத்தில் மின்னஞ்சல் மென்பொருள் செய்தவர்களின் தேவைக்காக உருவான ஒரு வசதி, 1999இல் இன்டர்நெட் எக்ஸ்புளோரர் 5 உடன் வெளிவந்தது. பக்கம் திறந்திருக்கும்போதே பின்னால் ஓர் ஆளை அனுப்பி, வேண்டிய தகவலை மட்டும் எடுத்துவரச் செய்வது போன்றது அது. 2004இல் ஜீமெயிலும் 2005இல் கூகுள் வரைபடமும் இந்த வழியில் வந்தபோதுதான் உலகம் கவனித்தது. 2005 பெப்ரவரி 18இல் ஜெஸி ஜேம்ஸ் கரட் என்பவர் இதற்கு ‘அஜக்ஸ்’ என்று பெயரிட்டார். (உதைபந்தாட்டப் பிரியர்களுக்கு வேறொன்று ஞாபகம் வரும்!) அதே வருடம், சென்னையில் பெரும்பகுதி வேலை நடந்த அட்வென்ட்நெட் நிறுவனம் ‘ஸோஹோ ரைட்டர்’ என்ற எழுத்துப் பலகையை இணையத்தில் கொண்டு வந்தது. ஆகவே, இதை அமெரிக்காக்காரருக்கு மட்டுமான வித்தை என்று ஒதுக்க வேண்டியதில்லை.

கணக்கைப் பாருங்கள். ஒரு பக்கத்தில் 20 சாரன் படங்கள், ஒவ்வொன்றும் 100 கிலோபைட் என்றால் மொத்தம் சுமார் 2 மெகாபைட். படங்களிற் பலவற்றைத் தொலைபேசி சேமித்து வைத்திருக்கும் என்பது உண்மைதான். ஆனாலும் முதல் வருகையில் அத்தனையும் இறங்க வேண்டும். பின்னர் பக்கம் புதிதாக வரும் ஒவ்வொரு தடவையும் மீண்டும் கட்டியெழுப்ப வேண்டும். ‘நீலக் கட்டம், மீதி 3’ என்ற தகவலுக்கோ ஒரு கிலோபைட்டே அதிகம்.

விலை நிலையாக நிற்கும் காலத்தில் இது வசதி மட்டுமே. 2022 மார்ச்சில் ரூபாவை நெகிழவிட்ட பின், சுமார் 200 ரூபாவாக இருந்த டொலர் ஏப்ரலில் 300ஐத் தாண்டியதே, அப்போது நூலின் விலை என்ன பாடுபட்டது! காலையில் பக்கத்தைத் திறந்து வைத்தவர் அஸருக்குப் பின் பொத்தானை அழுத்தினால் எந்த விலை செல்லும்? காலையில் கண்ட விலையா, இப்போதைய விலையா? திறந்திருக்கும் பக்கத்திலேயே விலை மாறி, ‘விலை மாறியுள்ளது, சம்மதமா?’ என்று கேட்டுவிட்டால் பிணக்கு எழாது.

ஆனால் இந்த முறையிலும் ஒரு பொல்லாப்பு உண்டு. இதை விற்பவர்கள் சொல்லமாட்டார்கள். பக்கம் முழுவதும் ஏறும்போது தொடர்பு அறுந்தால் உடனே தெரியும். ஒரு பகுதி மட்டும் மாறும்போது அறுந்தால் ஒன்றும் தெரியாது. பழைய எண்ணிக்கை அப்படியே நிற்கும். கடையில் கடைசிச் சாரனை ஒருவர் கையில் வாங்கிப் போய்விட, இணையத்தில் இன்னொருவர் அதற்கே காசு கட்டுவார். எனவே திரையில் என்ன தெரிந்தாலும், ஓடர் ஏற்கும் நேரத்தில் சேர்வரில் கையிருப்பை மறுபடி பார்த்தேயாக வேண்டும். அதுபோலவே, பக்கம் அசையாததால் ‘அழுத்துப்படவில்லை போலும்’ என்று வாடிக்கையாளர் இரண்டு தடவை அழுத்துவார். ஒரு சாரனுக்கு இரண்டு ஓடர் வந்து நிற்கும். முதல் அழுத்திலேயே பொத்தான் பூட்டப்பட்டு, ‘அனுப்பப்படுகிறது’ என்று எழுத வேண்டும். ஒவ்வொரு ஓடருக்கும் தனி இலக்கம் இருந்து, அதே இலக்கம் மறுபடி வந்தால் சேர்வர் தள்ளிவிட வேண்டும்.

எத்தனை நேரத்துக்கு ஒருமுறை விலையைக் கேட்பது என்பதும் முதலாளி தீர்மானிக்க வேண்டிய விடயமே. 100 பேர் பார்த்துக்கொண்டிருக்க, 2 விநாடிக்கு ஒருமுறை கேட்டால் சேர்வருக்கு ஒரு விநாடிக்கு 50 கேள்வி. மலிவு வாடகைச் சேர்வர் இதற்குத் திணறும். 30 விநாடி என்றால் மூன்று, நான்கு கேள்விதான். சாரன் கடைக்கு அது தாராளம்.

செய்து தருபவருக்குக் கடைசித் தவணையைக் கொடுக்குமுன், உங்கள் தொலைபேசியில் பக்கத்தைத் திறந்து, டேட்டாவை நிறுத்திவிட்டு இரண்டு நிமிடம் பொறுங்கள். ‘தொடர்பு இல்லை, இது 10.42 மணி விலை’ என்று பக்கம் தானாகச் சொன்னால் காசைக் கொடுக்கலாம். ஒன்றும் நடக்காதது போலப் பழைய விலையைக் காட்டிக்கொண்டிருந்தால், வேலை இன்னும் முடியவில்லை.