தீர்ப்பு வந்துவிட்டது, பணம் எப்போது வரும்?

ஓய்வுபெற்ற அரசு ஊழியர் ஒருவருக்கு உயர் நீதிமன்றத்தில் சாதகமான உத்தரவு வந்திருக்கிறது என்று கேள்விப்பட்டால், அவரை வாழ்த்துவதற்கு முன் உத்தரவின் கடைசிப் பத்தியைப் படித்துவிடுவது நல்லது. மனுதாரரின் கோரிக்கையை இத்தனை வாரங்களுக்குள் பரிசீலித்துச் சட்டப்படி முடிவெடுக்க வேண்டும் என்று அங்கே இருந்தால், அவருக்கு ஒரு ரூபாய்கூட உத்தரவாகவில்லை. ஏதாவது ஒரு பதில் சொல் என்று மட்டுமே துறைக்குக் கட்டளை. 'ஏற்க இயலவில்லை' என்று ஒரு கடிதம் அனுப்பினாலும் துறை கீழ்ப்படிந்துவிட்டதாகவே கணக்கு. அந்தக் கடிதத்தை எதிர்த்து இன்னொரு ரிட் மனு போட வேண்டும்.

இத்தகைய உத்தரவுகளின் சிக்கலை உச்ச நீதிமன்றமே எடுத்துச் சொல்லியிருக்கிறது. 2008-இல் அதன் முன் வந்தது தமிழ்நாட்டுப் புவியியல், சுரங்கத் துறையின் முன்னாள் ஊழியர் ஒருவரின் வழக்கு. வேலை போய் ஏறத்தாழ இருபது ஆண்டுகளுக்குப் பிறகு மனு கொடுத்து, அதைப் பரிசீலிக்க உத்தரவு வாங்கி, அதன் வழியே ஓய்வூதியம் கோரினார். காலாவதியான கோரிக்கைக்குப் பரிசீலனை உத்தரவு உயிர்கொடுக்காது என்று நீதிமன்றம் மறுத்துவிட்டது. வழக்குகளை விரைந்து முடிக்க இந்த உத்தரவுகள் உதவுகின்றன என்பது உண்மைதான். ஆனால் அறுபது வயதைத் தாண்டியவரை மறுபடியும் வரிசையின் கடைசியில் நிறுத்துவதற்கு அது போதுமான காரணமாகத் தெரியவில்லை.

உண்மையில் பணம் பெற்றுத்தரும் உத்தரவில் என்ன தொகை, என்ன வட்டி, எந்தத் தேதிக்குள் என்ற மூன்றும் இருக்கும். அதைக் கேட்கும் உரிமை 1971-இலேயே நிலைநாட்டப்பட்டது. ஓய்வூதியம் அரசு மனமிரங்கித் தரும் கொடையல்ல, ஊழியரின் சொத்து என்று பீகார் வழக்கொன்றில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் தீர்ப்பளித்தார்கள். 1982 டிசம்பர் 17-இல் வந்த நகாரா தீர்ப்பு அதை விரிவுபடுத்தியது. அந்த நாளைத்தான் ஓய்வூதியர் நாளாகக் கொண்டாடுகிறார்கள். சொத்துரிமை இன்று அடிப்படை உரிமை இல்லை என்றாலும் அரசமைப்பின் 300ஏ பிரிவில் பாதுகாப்பாக இருக்கிறது. விதியில் இடமில்லாமல் வெறும் நிர்வாக உத்தரவைக் காட்டி ஓய்வூதியத்தையோ பணிக்கொடையையோ நிறுத்த முடியாது என்று 2013-இல் ஜார்க்கண்ட் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது.

பிறகு ஏன் நிற்கிறது? பணிப்பதிவேட்டில் விடுபட்ட ஒரு பதிவு, தணிக்கைத் தடை, கிடைக்காத நிலுவையின்மைச் சான்று என்று காரணங்கள் சில்லறையானவை. பெரிய காரணம், ஓய்வுபெறும் தறுவாயில் கைக்கு வரும், தமிழக அரசு ஊழியர் ஒழுங்கு விதிகளின் 17(பி) குற்றச்சாட்டுக் குறிப்பாணை. விசாரணை முடியும்வரை தற்காலிக ஓய்வூதியம் உண்டு; பணிக்கொடை நிற்கும். ஓய்வுபெற்ற பின் புதிதாக நடவடிக்கை தொடங்குவதென்றால், நான்கு ஆண்டுகளுக்கு முந்தைய சம்பவத்தைக் கிளற விதிகள் இடம் தருவதில்லை. வழக்கறிஞர்கள் முதலில் பார்ப்பது இந்தத் தேதிகளைத்தான்.

போக்குவரத்துக் கழகம் போன்ற நிறுவனங்களில் இருந்தவர்களுக்குப் பணிக்கொடைக்கு வேறு வழியும் இருக்கிறது. பணிக்கொடை குறித்த சட்டப்படி 30 நாளில் தொகை வர வேண்டும். தவறினால் வட்டியோடு கேட்டுத் தொழிலாளர் துறையின் உரிய அதிகாரியிடமே மனு செய்யலாம்.

அரசு ஊழியர்களுக்கு வட்டி விஷயத்தில் பிடிமானமாக இருப்பது 1984-இல் முடிந்த கேரள வழக்கு. 1973-இல் ஓய்வுபெற்றவருக்கு 1975-இல்தான் பணம் கிடைத்தது. மாவட்டக் கருவூல அதிகாரி கடைசிச் சம்பளச் சான்றை அனுப்பாததே காரணம். ஓய்வுபெற்று இரண்டு மாதம் தாண்டினால் சந்தை விகிதத்தில் தண்ட வட்டி என்றது உச்ச நீதிமன்றம். அந்த அதிகாரியோ வழக்கில் சேர்க்கப்படவே இல்லை. அதனால் வட்டி அரசின் தலையில் விழுந்தது. அவரிடம் அதை வசூலிப்பதா என்பதை அரசே முடிவுசெய்துகொள்ளட்டும் என்று நீதிமன்றம் விட்டுவிட்டது. ஆண்டுக்கணக்கில் காத்திருந்துவிட்டுக் கேட்பவருக்கும் ஓய்வூதிய உரிமை போய்விடாது. ஆனால் நிலுவை பெரும்பாலும் வழக்குப் போட்ட நாளுக்கு முந்தைய மூன்று ஆண்டுகளுக்கே கிடைக்கும்.

தொகையும் கெடுவும் உள்ள உத்தரவைத் துறை மீறினால் நீதிமன்ற அவமதிப்பு மனு. தண்டனை ஆறு மாதம் வரை சிறை, 2,000 ரூபாய் வரை அபராதம். தண்டனை வரை போகும் வழக்குகள் அபூர்வம். ஆனால் ரிட் மனுவில் பதவியின் பெயரால் எதிர்மனுதாரராக இருந்த அதிகாரி, இங்கே தம் சொந்தப் பெயரிலேயே பதில் சொல்ல வேண்டும். மாதக்கணக்கில் அசையாத கோப்பு இந்த மனு போட்டதும் நகர்வது அதனால்தான். உத்தரவு மீறப்பட்ட ஓராண்டுக்குள் இதைத் தாக்கல் செய்துவிட வேண்டும். 'அடுத்த வாரம் வாங்க' என்ற பேச்சை நம்பி அலுவலகத்துக்கு நடந்தே அந்த ஓராண்டைத் தொலைத்தவர்கள் உண்டு.