டிரம் சின்தசைசர் செயலிகளில் இல்லாத வசதிகளை ஈடுசெய்தல்

டிரம் சின்தசைசர் செயலி என்பது பேஸ் டிரம், ஸ்னேர், ஹை-ஹேட் முதலிய தாளக் கருவிகளின் ஒலியைப் பதிவுகளிலிருந்து எடுக்காமல், அலையியற்றி, இரைச்சல், வடிகட்டி ஆகியவற்றால் உருவாக்கித் தரும் மென்பொருள் ஆகும். இவற்றில் தாளம் பெரும்பாலும் 16 கட்டங்கள் கொண்ட ஒரு வரிசையில் எழுதப்படுகிறது. ஸ்விங், கட்டத்திற்குக் கட்டம் வேறுபடும் ஒலியளவு, கட்டங்களின் எண்ணிக்கையை மாற்றுதல் போன்ற வசதிகள் எளிய செயலிகள் பலவற்றில் இருப்பதில்லை. பெரும்பாலானவற்றை இருப்பதைக் கொண்டே ஈடுசெய்யலாம். ஆனால் ஒவ்வொன்றிலும் வேறு ஏதோ ஒன்றை இழக்க நேரிடும்.

பின்னணி

இத்தகைய செயலிகள் பலவற்றுக்கு முன்மாதிரி, ஜப்பானின் ரோலண்டு நிறுவனம் 1980இல் வெளியிட்ட டிஆர்-808 என்னும் தாள இயந்திரம். அதில் ஒரு கட்டத்திற்கு அழுத்தம் கொடுத்தால் அக்கட்டத்தில் ஒலிக்கும் எல்லாக் கருவிகளுக்கும் அது சேர்ந்தே விழும். டாம் டிரம்மும் காங்காவும் ஒரே மின்சுற்றைப் பகிர்ந்துகொண்டதால், ஓர் ஆளி எதைத் தேர்கிறதோ அது மட்டுமே ஒலிக்கும். பேஸ் டிரம்மின் சுருதியை மாற்றத் திருகு இல்லை. ஹிப்-ஹாப் கலைஞர்கள் அதன் நீண்ட பேஸ் டிரம் ஒலியைச் சாம்ப்ளரில் பதிந்து, வெவ்வேறு வேகங்களில் ஒலிக்கச் செய்து சுருதி மாறும் பேஸ் வரிகளாக்கினர். சுருதித் திருகு இல்லாத செயலியிலும் இதே வழி பயன்படும். வேகத்தை இருமடங்காக்கினால் சுருதி ஒரு ஸ்தாயி உயரும், ஒலியின் நீளமும் பாதியாகிவிடும். 808ஐப் பின்பற்றும் செயலிகள் சில, அதன் ஒலியோடு குறைகளையும் சேர்த்தே நகலெடுத்துள்ளன.

கட்டங்களின் எண்ணிக்கை

வரிசையின் நீளம் 16 என்று நிலையாக இருந்தால் 7 எண்ணிக்கை கொண்ட மிஸ்ர சாபு போன்ற தாளங்களை நேரடியாக எழுத இயலாது. எண்ணிக்கைக்கு 2 கட்டம் வீதம் ஓர் ஆவர்த்தனத்திற்கு 14 கட்டங்கள் வேண்டும். வரிசைகளைத் தொடர்ச்சியாக இசைக்கும் வசதி இருந்தால் இதற்கு வழி உண்டு. 16 கட்டங்கள் கொண்ட 7 வரிசைகளில் மொத்தம் 112 கட்டங்கள். அதில் சரியாக 8 ஆவர்த்தனங்கள் அடங்கும். முதல் ஆவர்த்தனம் முதல் வரிசையின் 1ஆம் கட்டத்திலும், அடுத்தது அதே வரிசையின் 15ஆம் கட்டத்திலும் தொடங்கும். அதன்பின் இரண்டாம் வரிசையில் 13, மூன்றாவதில் 11 எனத் தொடக்கம் இரண்டிரண்டாகப் பின்வாங்கி, ஏழாம் வரிசையில் 3இல் நிற்கும். கண்ட சாபுவுக்கு 5 வரிசைகள் போதும். எழுதுவது எளிது, திருத்துவதுதான் சலிப்பூட்டும்: மிஸ்ர சாபுவில் ஓர் அடியை மாற்ற 8 இடங்களில் கைவைக்க வேண்டும்.

ஸ்விங்

நிமிடத்திற்கு 120 அடி வேகத்தில் ஓர் அடிக்கு 4 கட்டங்கள் என்றால், ஒரு கட்டம் 125 மில்லி வினாடி. ஸ்விங் என்பது ஒவ்வொரு இரண்டாவது கட்டத்தையும் சற்றுத் தாமதமாக ஒலிக்கச் செய்வது. அது இல்லாதபோது ஓர் அடியை 3 கட்டங்களாகப் பிரித்து, 1ஆம், 3ஆம் கட்டங்களில் மட்டும் ஒலிகளை இடலாம். வேகத்தை முக்கால் பங்காகக் குறைக்க வேண்டும்: 96 அடி வேகம் தேவையெனில் செயலியில் 72. நான்கு அடிக்கு 12 கட்டங்களே ஆவதால், நீளத்தை மாற்ற இயலாத செயலியில் 3 வரிசைகளைத் தொடுத்தால் நான்கு சுற்று கிடைக்கும். இம்முறையில் 2:1 என்ற முழு ஆட்டம் மட்டுமே வரும், மென்மையான ஸ்விங் வராது.

மென்மையான ஸ்விங்கிற்கு, இரட்டைப்படைக் கட்டங்களின் ஒலிகளை மட்டும் தனியே பதிந்து, ஒலித்தொகுப்பு மென்பொருளில் பின்தள்ளலாம். 120 அடி வேகத்தில் 20 மில்லி வினாடி தள்ளினால் 58 விழுக்காட்டு ஸ்விங் ஆகும். காதுக்கு இதுவே இயல்பாகப் படும். தாளத்தை மாற்றினால் மீண்டும் பதிய வேண்டும் என்பதால் இதைக் கடைசி வேலையாக வைத்துக்கொள்வது நல்லது.

ஒலியளவும் இடைவெட்டும்

கட்டத்திற்கெனத் தனி ஒலியளவு இல்லாதபோது ஒரே கருவியை இரு தடங்களில் வைத்து, ஒன்றின் ஒலியளவைக் குறைத்துக்கொள்ளலாம். ஸ்னேரின் மெல்லிய அடிகளுக்கு இது ஏற்றது. மெதுவாக அடிக்கப்படும் தோல் சற்று மங்கியே ஒலிக்கும். ஆகவே இரண்டாம் தடத்தில் இரைச்சலின் அளவையும் குறைத்தால்தான் நம்பும்படி இருக்கும். 8 தடங்களே உள்ள செயலியில் ஒரு தடத்தை இழப்பது பெரிய செலவு.

உண்மையான ஹை-ஹேட்டில் தட்டுகள் மூடும்போது திறந்த ஒலி நின்றுவிடும். இந்த இடைவெட்டு இல்லாத செயலியில், திறந்த ஹை-ஹேட்டின் தேய்வு நேரத்தை அடுத்த மூடிய அடிக்கு முன் முடியுமாறு அமைக்கலாம். 120 அடி வேகத்தில் இரு கட்ட இடைவெளிக்கு அது 250 மில்லி வினாடிக்குள் இருக்க வேண்டும். வேகம் மாறினால் இதையும் மாற்ற வேண்டும்.

தனித்தனி வெளியீடு

எல்லாக் கருவிகளும் ஒரே ஒலியாகக் கலந்து வெளிவரும் செயலியில், மற்றவற்றை நிசப்தமாக்கி ஒவ்வொரு கருவியாகப் பதிய வேண்டும். எல்லாப் பதிவுகளின் முதல் கட்டத்திலும் கூர்மையான ஓர் ஒலியை இட்டுவைத்தால், பின்னர் அவற்றை நேராகப் பொருத்தலாம். பொருத்தியபின் அவ்வொலியை வெட்டிவிடலாம். சிம்பல், ஹை-ஹேட் ஆகியவற்றில் ஓர் அடியை மட்டும் பதிந்து அதையே திரும்பத் திரும்ப ஒட்டினால் ஒலி விறைத்துப்போகும். 808இல் அவற்றுக்கு மூலமான ஆறு அலையியற்றிகள் இடைவிடாது ஓடிக்கொண்டிருப்பதால் ஓர் அடிபோல் மறு அடி அமைவதில்லை. இதைப் பின்பற்றும் செயலிகளில் முழு வரிசையையும் சில சுற்றுகள் ஓடவிட்டுப் பதிவதே உகந்தது.