கேமராவைப் பிடிக்கும் கை

திரையில் நம் தெருவும் நம் பேச்சும் வந்தால் கைதட்டுகிறோம். நம் முகத்துக்கு எவ்வளவு வெளிச்சம், எந்தக் கோணம் என்று முடிவு செய்பவர் யார் என்று கேட்கிறோமா? அமெரிக்கக் கறுப்பின மக்கள் அரை நூற்றாண்டுக்கு முன்பே கேட்டார்கள்.

அன்று வண்ணப் படங்களின் நிறத்தைச் சரிபார்க்க, கோடாக் நிறுவனம் லேபுகளுக்கு ஒரு மாதிரி அட்டை அனுப்பும். அதில் இருந்தது வெள்ளைக்காரப் பெண்ணின் படம். அவர் தோலுக்குப் பொருந்தினால் நிறம் சரி என்பது கணக்கு. கறுத்த முகங்கள் நிழலாய் மங்கிப்போயின.

ஆசி டேவிஸ் புகழ்பெற்ற கறுப்பின நடிகர். 1965இல் மால்கம் எக்ஸின் இறுதி நிகழ்வில் இரங்கல் உரை ஆற்றியவர். 1970இல் 'காட்டன் கம்ஸ் டு ஹார்லெம்' படத்தை இயக்கி, கேமராவுக்குப் பின்னால் சென்றார். தான் மட்டும் போனால் போதாது என்று, கறுப்பின இளைஞர்களுக்குத் திரைத் தொழில் கற்றுத்தர 'தேர்டு வேர்ல்டு சினிமா' நிறுவனத்தைத் தொடங்கினார்.

அங்கே பயிற்சி பெற்றவர்களில் ஒருவர் ஜெஸ்ஸி மேப்பிள். மிசிசிப்பியில் பிறந்தவர், மருத்துவ ஆய்வுக்கூடத்தில் வேலை பார்த்தவர். முதலில் படத்தொகுப்பு உதவியாளரானார். பிறகு கேமராவைக் கையில் எடுத்தார். அந்தத் தொழிலுக்குச் சங்க அட்டை வேண்டும். 1970களின் நடுவில், நியூயார்க் ஒளிப்பதிவாளர் சங்கத்தில் போராடிச் சேர்ந்த முதல் கறுப்பினப் பெண் அவர்தான்.

அட்டை கிடைத்தும் வேலை கிடைக்கவில்லை. தொலைக்காட்சி நிலையங்கள்மீது வழக்குத் தொடுத்து வேலை பெற்றார். தான் வந்த வழி மற்றவர்களுக்கும் தெரியட்டும் என்று, சங்க ஒளிப்பதிவாளர் ஆவது எப்படி என்பதை 1977இல் புத்தகமாகவே எழுதினார். 1981இல் 'வில்' என்ற முழுநீளப் படத்தை இயக்கினார். அடுத்த ஆண்டு, ஹார்லெமில் தன் வீட்டின் கீழ்த்தளத்திலேயே கறுப்பினப் படங்களுக்கு ஒரு திரையரங்கம் திறந்தார். 2023இல் மறைந்தார்.

இந்த வரலாறு நமக்கு அந்நியமில்லை. 1972இல் பம்பாயில் உருவான தலித் பேந்தர் இயக்கம், கறுப்பினப் போராளிகளின் பிளாக் பேந்தர் கட்சியைப் பார்த்துத்தான் பெயர் சூட்டிக்கொண்டது.

நடிக்க ஆசைப்படும் பிள்ளைகள் நம் ஊர்களில் நிறைய. லென்ஸைப் பற்றிக் கேட்கும் பிள்ளைகள் குறைவு. சென்னை தரமணியில் உள்ள அரசு எம்.ஜி.ஆர். திரைப்படப் பயிற்சி நிறுவனத்தில் ஒளிப்பதிவுக்குத் தனிப் படிப்பு இருக்கிறது. அரசு நிறுவனம் என்பதால் இட ஒதுக்கீடும் உண்டு. பிளஸ் டூ முடிக்கும் மாணவர்கள் மற்ற கல்லூரிகளோடு இதையும் விசாரியுங்கள். நம் முகத்தின் நிறம் அறிந்த கைகள் கேமராவுக்குத் தேவை.